உயிரோடு இருந்தவருக்கு ஓர் அஞ்சலி

ஒருவர் செத்த பிறகு எங்கள் ஆட்களுக்கு அவர்மேல் வருகிற உரிமை, அவர் உயிரோடு இருக்கும்போது வருவதில்லை. லண்டன் இல்ஃபோர்ட்டில் எந்த அஞ்சலிக் கூட்டத்துக்குப் போனாலும் இதைப் பார்க்கலாம். எல்லோரும் "அமரரும் நானும்" என்றுதான் தொடங்குவார்கள். கொஞ்ச நேரத்தில் அமரர் ஓரமாய்ப் போய்விடுவார், "நானும்" மட்டும் மேடையில் நிற்கும். இறந்தவர் எழுந்து வந்து மறுக்கப்போவதில்லை என்கிற துணிச்சல்தான்.

எங்கள் வாசகர் அரங்கத்துக்கு அந்தத் துணிச்சல் பலிக்கவில்லை. நாங்கள் அஞ்சலி செலுத்தியவர் சாகவில்லை.

அவர் பெயர் சொலான்ஜ் வெரியே. பிரெஞ்சு நாவலாசிரியை, எண்பத்தைந்து வயதைத் தாண்டியவர். வடக்குப் பிரான்சின் கால்வாய்களில் சரக்குப் படகு ஓட்டிய குடும்பத்தில் பிறந்து, படகிலேயே வளர்ந்து, அந்தச் சனங்களைப் பற்றியே சின்னச் சின்ன நாவல்கள் எழுதியவர். அவருடைய 'மதகு' என்ற நாவலை எங்கள் அரங்கத்தின் தலைவர் யுவனேஸ்வரன் நாலு வருடமாக ஆங்கிலம் வழியாகத் தமிழாக்கிக்கொண்டிருந்தார். கவுன்சில் வேலையால் வந்து சாப்பிட்டதும் அதோடு உட்கார்ந்தால் மனுசிகூடக் கூப்பிட ஏலாது என்று கேள்வி. அவருக்குப் பிரெஞ்சில் 'மெர்சி'யைத் தாண்டித் தெரியாது. அனுமதி கேட்டுப் பதிப்பகத்துக்கு எழுதியிருந்தார், பதில் வரவில்லை. ஆனாலும் முன்னுரை உட்பட எல்லாம் தயார்.

அப்போதுதான் ஒரு சனிக்கிழமை, அரங்கத்தின் செயலாளர் சுலோச்சனா அக்கா வாட்ஸ்அப் குழுவில் ஒரு படத்தைப் போட்டார். பாரிஸில் யாரோ முகநூலில் பகிர்ந்தது. சொலான்ஜும் ஒரு கிழவரும் பக்கத்தில் பக்கத்தில் நிற்கிற படம், மேலே 'ஆழ்ந்த இரங்கல்'. செத்தது பக்கத்தில் நின்ற கிழவர், அவருடைய பதிப்பாளர். நாங்கள் யாரும் அந்த மனுசனைக் கண்ணெடுத்தும் பார்க்கவில்லை. கும்பிடுகிற கைகள் மளமளவென்று குழுவில் வந்து விழுந்தன.

இந்த இடத்தில் என்னைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். நான் மரினா. மன்னார்ப் பிள்ளை. லண்டனுக்கு வருமுன் பதினைந்து வருடம் பாரிஸில் லாச்சப்பலில் இருந்தவள். பிரெஞ்சு எனக்குத் தண்ணீர் பட்ட பாடு. ஒரு பிரெஞ்சுச் செய்தித்தளத்தைத் திறந்து பார்த்திருந்தால் விஷயம் அன்றே முடிந்திருக்கும். நான் பார்க்கவில்லை. நானும் இரண்டு கும்பிடுகிற கைகளைப் போட்டுவிட்டு ஷிப்டுக்கு ஓடினேன்.

கூட்டம் அடுத்த ஞாயிறு, தமிழ்ப் பூசை முடிந்தபின் மாதா கோயில் மண்டபத்தில். சொலான்ஜின் படத்தைப் பெரிதாக்கி, சட்டம் போட்டு, நைலோன் மல்லிகை மாலை சூட்டி, குத்துவிளக்கும் ஏற்றியாயிற்று. எல்லோரும் எழுந்து நின்று அகவணக்கம் செலுத்தினோம். என் மனுசன் ஜெராட்தான் நேரலை வீடியோ. அவருக்குக் கமரா கையில் இருந்தால் போதும், நடுவில் ஒரு தடவையாவது என்னைக் காட்டாமல் விடமாட்டார். இல்லாவிட்டால் வீட்டில் சோறு கிடையாது என்று பகிடிக்குச் சொல்வார். அன்றும் என் பக்கம் திருப்பினார். முன்வரிசையில் இருந்த நான் சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தேன்.

யுவனேஸ்வரன் அண்ணை கடைசியாகப் பேசினார். எழுதிக்கொண்டு வந்த தாள்களைப் பார்த்து, குரல் தழுதழுக்க வாசித்தார். "பாரிஸில் ஒரு மாரிகாலம். அவருடைய வீட்டில், ஜன்னலோரம், என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்: தம்பி, என் அம்மா உன்னுடைய மொழியில்தான் பேசியிருக்க வேண்டும்." மண்டபம் அப்படியே உருகிவிட்டது. யாக்கோப்பு மாஸ்டர் மூக்கைச் சிந்தினார். பிறகு ரோல்ஸும் தேத்தண்ணியும்.

சரியாக ஒரு கிழமை போனபிறகு அண்ணைக்கு ஆங்கிலத்தில் ஒரு மின்னஞ்சல் வந்தது. எழுதியவர் க்ளேர், சொலான்ஜின் அக்கா மகள். சித்தி சாகவில்லை, போன வருடத்திலிருந்து லண்டனில் என்னோடுதான் இருக்கிறார் என்று எழுதியிருந்தாள். உங்கள் கூட்டத்தின் வீடியோவை யாரோ அனுப்பினார்கள், சித்தி தன் படத்துக்கு மாலை போட்டதைப் பார்த்துவிட்டார். கோபமில்லை. ஆனால் ஒரு விருப்பம் இருக்கிறது.

அந்த விருப்பத்தைப் புரிந்துகொள்ள அந்தக் கிழவியின் வேலை முறையைத் தெரிந்துகொள்ள வேண்டும். சொலான்ஜ் யாரைப் பற்றி எழுதினாலும், அச்சுக்குப் போகுமுன் அந்த ஆளுக்கு முன்னால் போய் உட்கார்ந்து, எழுதியதை வாசித்துக் காட்டுவாராம். வாசித்து முடித்ததும் தாளையும் ஒரு பென்சிலையும் அவர்கள் கையில் கொடுப்பாராம். உண்மையில்லாததை அவர்கள் அடித்துவிடலாம். பிடிக்காததை அடிக்க ஏலாது, உண்மையில்லாததை மட்டும். படகுக்காரர், மதகு காவலர், சொந்தத் தாய் என்று எல்லோரிடமும் இப்படியே செய்திருக்கிறார். இப்போது தன்னைப் பற்றி ஒருவர் மண்டபம் நிறைய ஆட்களுக்கு முன்னால் பேசியிருக்கிறார், அதைத் தன் முன்னாலும் வந்து வாசிக்கட்டும் என்பதுதான் கேட்டது. அன்றைக்கு வாசித்த அதே தாள்கள், அதே தமிழில். ஆங்கிலம் நடுவில் வேண்டாம், நேரே பிரெஞ்சில் சொல்லக்கூடிய ஒருவரைக் கூட்டிவாருங்கள். மொழிபெயர்ப்பு அனுமதியைப் பற்றி அதற்குப் பிறகு பேசலாம்.

நேரே பிரெஞ்சில் சொல்லக்கூடிய ஆள் இல்ஃபோர்ட்டில் வேறு யார்?

எலிசபெத் லைன் ரயிலில் நானும் அண்ணையும் எதிரெதிரே இருந்தோம். அவர் கலியாண வீட்டுக்குப் போகிற கோட்டும் சூட்டும் போட்டிருந்தார். மடியில் ஒரு பெட்டி சொக்கலேட். ஸ்ட்ராற்போர்ட் தாண்டி ரயில் சுரங்கத்துக்குள் இறங்கியபிறகுதான் வாயைத் திறந்தார்.

"தங்கச்சி, ஒரு உதவி."

"சொல்லுங்கோ அண்ணை."

"அந்த மூண்டாவது பந்தி. பாரிஸில சந்திச்சது. அதை மட்டும் நீங்கள் பிரெஞ்சில கொஞ்சம் வேற மாதிரிச் சொல்லிவிட்டால் நல்லம். 'சந்திக்க ஆசைப்பட்டன்' எண்டு."

"அப்ப நீங்கள் அவவைச் சந்திக்கேல்லையோ?"

அவர் ஜன்னலைப் பார்த்தார். சுரங்கத்துக்குள் ஜன்னலில் பார்க்க ஒன்றுமில்லை.

"மேடையில ஏறினால் வாய் தன்பாட்டில போகுது. ஆள் செத்துப்போச்சு எண்டுதானே நினைச்சன்."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எங்கள் ஆட்கள் எல்லோரும் செய்கிற வேலைதான். ஆனால் அந்தப் பொய்யைக் கொண்டுபோய் அந்தக் கிழவியின் காதில் போடுகிற வேலை என் தலையில் அல்லவா விழுந்திருக்கிறது. பிரெஞ்சில் நான்தான் 'நான்' என்று சொல்ல வேண்டும். என் வாயால், என் குரலில்.

"ஏலாது அண்ணை," என்றேன். "நீங்கள் சொல்லுறதை அவவுக்கும், அவ சொல்லுறதை உங்களுக்கும் உள்ளபடி சொல்லுவன். ஒரு சொல்லையும் மாத்த மாட்டன்."

"நாலு வருசம், தங்கச்சி. அவ ஓம் எண்டு சொல்லாட்டி அவ்வளவும் குப்பைக்குத்தான்."

"அதை மேடையில ஏறமுன்னம் யோசிச்சிருக்க வேணும்."

அவர் அதற்குமேல் கேட்கவில்லை. லிவர்பூல் ஸ்ட்ரீட்டில் மாறி சவுத் கென்சிங்டனில் இறங்கும்வரை சொக்கலேட் பெட்டியைத் தடவிக்கொண்டே வந்தார். எனக்கு உள்ளுக்குள் ஒரு நிமிர்வு இருந்தது. நியாயத்தின் பக்கம் நிற்கிறேன் என்கிற நிமிர்வு. அது நல்ல ருசியாகத்தான் இருந்தது.

க்ளேர் கதவைத் திறந்தாள். ஐம்பது வயதிருக்கும், கையில் பாத்திரம் துடைக்கிற துணி. அண்ணையிடம் ஆங்கிலத்தில் வரவேற்புச் சொல்லி, சொக்கலேட்டை வாங்கிக்கொண்டு உள்ளே கூட்டிப்போனாள். ஜன்னலுக்குப் பக்கத்தில் பெரிய கதிரையில் சின்னதாய் ஒரு அம்மா. முழங்காலில் கம்பளி, காதில் கருவி. முன்னாலிருந்த மேசையில் ஒரு டாப்லெற். அதில் எங்கள் மண்டபம் அசையாமல் நின்றது. மாலை போட்ட படத்தில் இருந்த அதே முகம் அதைப் பார்த்துக்கொண்டிருந்தது. கும்பிடுவதா, கை கொடுப்பதா என்று தெரியாமல் அண்ணை இரண்டையும் அரைகுறையாகச் செய்தார்.

"மாலை அழகாக இருந்தது," என்றார் சொலான்ஜ் என்னிடம். "பூ உண்மைப் பூவா?"

"இல்லை மேடம், நைலோன்."

"விளக்கு?"

"விளக்கு உண்மைதான்."

"பரவாயில்லை," என்று சிரித்தார். "ஒன்றாவது உண்மையாக இருந்ததே."

அவர் விளையாட்டாகச் சொன்னாரோ, வினையாகச் சொன்னாரோ. நான் அதையும் அப்படியே அண்ணைக்குத் தமிழில் சொன்னேன். அவருடைய காது மடல் சிவந்தது.

பிறகு அவர் வாசித்தார், நான் ஒவ்வொரு வசனமாகப் பிரெஞ்சில் சொன்னேன். முதல் பந்தி முழுக்க 'இலக்கிய வானின் விடிவெள்ளி' மாதிரியான வார்த்தைகள். பிரெஞ்சில் சொல்லும்போது அந்த வார்த்தைகள் எல்லாம் சபையில் சட்டையில்லாமல் நிற்கிற மாதிரி இருந்தன. இரண்டாவது பந்தியில், பஸ்ஸில் 'மதகு' வாசித்த கதை ஒன்று சுருக்கமாக வந்து போனது. மூன்றாவது பந்திக்கு வந்ததும் அண்ணையின் குரல் கம்மிவிட்டது. தாளிலிருந்து கண்ணை எடுக்காமல், அவசரமாக, எதையோ விழுங்குவதுபோல வாசித்து முடித்துவிட்டு, என்னை ஒருமுறை நிமிர்ந்து பார்த்தார்.

அந்தப் பார்வையில் கெஞ்சல் இருந்தது. தெரிந்துதான் நான் ஒரு சொல்லையும் விடாமல், ஆறுதலாக, நல்ல பிரெஞ்சில், ஜன்னலோரத்தையும் பிடித்த கையையும் அம்மாவின் மொழியையும் ஒவ்வொன்றாக எடுத்து வைத்தேன். இப்போது மாட்டுப்படட்டும் என்று எனக்கு ஒரு ஆசை. வெட்கமில்லாமல் சொல்கிறேன், ஆசைதான்.

சொலான்ஜின் முகத்தில் கோபம் வரவில்லை. அவர் தன்னுடைய வலது கையை விரித்து, அந்தக் கையில் ஏதாவது மிச்சம் இருக்கிறதா என்று பார்ப்பவர்போலப் பார்த்தார். பிறகு க்ளேரைப் பார்த்தார்.

"இதுவும் போய்விட்டது," என்றார். "க்ளேர், இதுவும் போய்விட்டதடி."

க்ளேர் வந்து அவருடைய தோளைப் பிடித்தாள். சில நாள் காலையில் வந்தவர்களை மாலையில் தெரியாது என்று என்னிடம் பிரெஞ்சில் மெதுவாகச் சொன்னாள். மன்னியுங்கள், முதலிலேயே சொல்லியிருக்க வேண்டும், அவருக்கு அதை யாருக்கும் சொல்வது பிடிக்காது.

சொலான்ஜ் அண்ணையை நேராகப் பார்த்துப் பேசினார். "என் வீட்டுக்கு வந்திருக்கிறீர்கள். அம்மாவைப் பற்றி நான் உங்களோடு கதைத்திருக்கிறேன். அம்மாவைப் பற்றி நான் எல்லோரோடும் கதைப்பதில்லை. அப்படியானால் நீங்கள் எனக்கு வேண்டியவராக இருந்திருக்க வேண்டும். எனக்கு உங்கள் முகம்கூட ஞாபகமில்லை. மன்னித்துவிடுங்கள் ஐயா. வெட்கமாக இருக்கிறது."

நிலம் பிளந்தால் உள்ளே போய்விடலாம் போலிருந்தது. அண்ணை சொன்னது பொய். ஆனால் அதை நல்ல பிரெஞ்சாக்கி, அழகாக்கி, ஞாபகம் கழன்றுபோகிற ஒரு மனுசியின் நெஞ்சில் குத்தியது நான். ரயிலில் அவர் கேட்டபடி ஒரு சொல்லை மாற்றியிருந்தால் இந்த அம்மா இப்படித் தன் கையைப் பார்த்துக்கொண்டு இருந்திருக்க மாட்டார்.

"என்ன சொல்லுறா?" என்றார் அண்ணை. வசைதான் விழுகிறது என்று நினைத்து வியர்த்துப்போய் இருந்தார்.

"மறந்துபோனதுக்கு உங்களிட்ட மன்னிப்புக் கேக்கிறா அண்ணை. உங்களைத் தனக்கு வேண்டிய ஆள் எண்டு நம்பிறா. அவவுக்கு நினைவு போய்க்கொண்டிருக்காம்."

இப்போது 'பரவாயில்லை' என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், அனுமதி கையில் வந்துவிடும். அது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். சொல்லிவிடுவார் என்றுதான் நான் நினைத்தேன்.

அவர் கதிரையை விட்டு எழுந்தார். கோட்டுப் பொத்தானைப் பூட்டினார், திரும்பக் கழற்றினார்.

"தங்கச்சி, அவவுக்குச் சொல்லுங்கோ. நான் அவவை ஒருநாளும் கண்டதில்லை. பாரிஸுக்கே நான் ஒருக்காத்தான் போனனான், அதுவும் ஒரு கலியாணத்துக்கு. அவவின்ர நினைவில ஒரு பிழையும் இல்லை எண்டு சொல்லுங்கோ. பிழை என்னிலதான்."

நான் சொன்னேன். என் பிரெஞ்சு தடுமாறியது. சொலான்ஜ் கேட்டுக்கொண்டே இருந்தார். பிறகு அவருடைய முகம் மலர்ந்ததை என்னால் மறக்க ஏலாது.

"அப்படியானால் நான் மறக்கவில்லை," என்றார். "க்ளேர், கேட்டாயா? நான் மறக்கவில்லை!"

சட்டைப் பையிலிருந்து ஒரு கட்டைப் பென்சிலை எடுத்து அண்ணையிடம் நீட்டினார். வழக்கப்படி தான்தான் அடிக்க வேண்டும், ஆனால் எது பொய் என்று இன்றைக்கு உங்களுக்குத்தான் நன்றாகத் தெரியும் என்றார். அண்ணை மேசையில் தாள்களை வைத்து, பரீட்சை எழுதுகிற பெடியன் மாதிரிக் குனிந்து அடிக்கத் தொடங்கினார். மூன்றாவது பந்தி போனது. விடிவெள்ளி போனது. 'எம் இதயங்களில் என்றும் வாழ்வார்' போனது. ஒரு வரியில் கை தயங்கி நின்றது, பிறகு அதையும் அடித்தார். கடைசித் தாளையும் முடித்துவிட்டுத் திரும்ப இரண்டாவது தாளை எடுத்து என்னிடம் தந்தார். அதில் அடிபடாமல் மிஞ்சியிருந்ததை நான் வாசித்தேன்.

"முதல் அத்தியாயத்தை இருபத்தைந்தாம் இலக்க பஸ்ஸில் வாசித்தேன். இறங்க வேண்டிய தரிப்பைத் தவறவிட்டு, மழையில் திரும்பி நடந்தேன்."

"எந்த இடத்தில்?" என்று கேட்டார் சொலான்ஜ்.

அண்ணைக்குச் சொன்னேன். "தாய் படகில நிண்டு கூப்பிட, மகள் சிநேகிதப் பிள்ளையளோட கேளாத மாதிரிப் போறாவே, அந்த இடம்," என்றார்.

"அதற்கு அடுத்த பக்கத்தை அம்மா அடித்துவிட்டார்," என்றார் சொலான்ஜ். அறுபது வருடத்துக்கு முந்தியது அவருக்குப் பளிச்சென்று இருந்தது. "அது உண்மைதான். அம்மா தன் கையால் பொய்யென்று அடித்தார். பிடிக்காததை அடிக்க ஏலாது என்பது என்னுடைய சட்டம். அம்மா முதல் ஆளாக அதை உடைத்தார். நான் பேசாமல் தாளை வாங்கிக்கொண்டேன்."

"அதில என்ன இருந்தது எண்டு கேளுங்கோ."

கேட்டேன். "அது அம்மாவுடையது," என்றார். அவ்வளவுதான்.

பிறகு காரியம் சட்டென்று முடிந்தது. தமிழில் வரட்டும் என்றார். ஆங்கிலத்தில் இருந்து செய்ததைப் பிரெஞ்சோடு வைத்துச் சரிபார்க்க வேண்டும், இந்தப் பெண் உதவி செய்யட்டும். முதல் அத்தியாயத்தோடு அடுத்த மாதம் இரண்டு பேரும் வாருங்கள், அன்றைக்கு நான் உங்களைத் தெரியாத மாதிரிப் பார்த்தாலும் பரவாயில்லை, வாசியுங்கள். நான் அதைத் தமிழில் சொன்னபோது அண்ணை கோட்டின் கைநுனியால் கண்ணைத் துடைத்தார். அது கமராவுக்கு இல்லை. அங்கே கமரா இல்லை.

எழும்புவோம் என்று நான் கைப்பையை எடுத்தேன். சொலான்ஜ் டாப்லெற்றைத் தன் பக்கம் இழுத்து, விரலால் தொட்டார். மண்டபம் அசைந்தது. முன்வரிசை வந்தது. நான் வந்தேன், சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டு.

"இது நீங்கள்தானே?" என்றார். "க்ளேர் இன்று காலையிலும் இதைப் போட்டுக் காட்டினாள். மற்ற எல்லோரும் என்னை யாரோ செய்த மொழிபெயர்ப்பில் வாசித்தவர்கள். நீங்கள் ஒருவர்தான் என்னுடைய சொல்லிலேயே வாசித்திருப்பீர்கள். அதனால்தான் கேட்கிறேன். எதை நினைத்து அழுதீர்கள்?"

கேள்வியில் குத்தல் ஏதும் இல்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ள விரும்பினார். என்னை அண்ணாந்து பார்த்துக்கொண்டு, பதிலுக்குக் காத்திருந்தார்.

பதினைந்து வருடம் பாரிஸில் இருந்தேன். மெட்ரோவில் எதிரே இருந்தவர்களின் கையில் அவருடைய புத்தகங்களைக் கண்டிருக்கிறேன். ஒன்றையும் நான் திறந்ததில்லை. ஜெராட் கமராவைத் திருப்பினார், நான் கண்ணைத் துடைத்தேன். கண்ணில் தண்ணீர்கூட இருக்கவில்லை. அந்த வீடியோவில் உற்றுப் பார்த்தால் அதுவும் தெரியும். யுவனேஸ்வரன் அண்ணைக்காவது அடிப்பதற்கு ஒரு தாள் இருந்தது.

எடுத்த கைப்பையைத் தோளில் மாட்டினேன்.

"என்ன தங்கச்சி கேக்கிறா?" என்றார் அண்ணை. அவர் முகம் முழுக்க நன்றி.

"தேத்தண்ணி குடிக்கிறியளோ எண்டு கேக்கிறா," என்றேன்.

அண்ணை சொலான்ஜின் பக்கம் திரும்பி, நெஞ்சில் கை வைத்து, பணிவாகத் தலையைக் குனிந்தார். "நோ, தேங்க் யூ மேடம்," என்று ஆங்கிலத்தில் சொன்னார். "நோ டீ. வெரி கைண்ட்."

சொலான்ஜுக்கு அது விளங்கவில்லை. அவர் இன்னும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். க்ளேர் பாத்திரம் துடைக்கிற துணியோடு கதவடியில் நின்றாள். அவளுக்கு ஆங்கிலம் தெரியும்.